பார்டர்லேண்ட்ஸ் ஆட்டங்களில் கடினநிலை மாற்றம்

கடினநிலை மாற்றம் என்பது, ஒரு நிகழ்பட ஆட்டத்தில் எதிரிகளின் வலிமையையும் கிடைக்கும் பொருட்களின் தரத்தையும் தீர்மானிக்கும் நிலைகளுள் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு ஆட்டக்காரர் மாறுவதைக் குறிக்கும். பெரும்பாலான ஆட்டங்களில் இது பட்டியலில் உள்ள ஓர் எளிய தெரிவு மட்டுமே. ஆனால் கொள்ளைப்பொருள் சேர்ப்பதை அடிப்படையாகக் கொண்ட சுடுதல் ஆட்டங்களில் கடினநிலையை மாற்றுவது, கதைமாந்தரின் வளர்ச்சி, கையிலுள்ள துப்பாக்கிகளின் மதிப்பு, முடித்த பணிகள் ஆகிய அனைத்தையும் பாதிக்கும் முடிவாக உள்ளது. இவ்வகை ஆட்டங்களுள் பரவலாக அறியப்பட்டது, அமெரிக்காவின் கியர்பாக்ஸ் சாப்ட்வேர் நிறுவனம் உருவாக்கி 2கே நிறுவனம் வெளியிட்ட பார்டர்லேண்ட்ஸ் தொடர் ஆகும். 2009 ஆம் ஆண்டில் தொடங்கிய இத்தொடரின் ஒவ்வொரு ஆட்டமும் கடினநிலைகளை வெவ்வேறு வகையில் அமைத்துள்ளது.

அடிப்படைக் கருத்துகள்

பார்டர்லேண்ட்ஸ் ஆட்டங்களில் ஆட்டக்காரர் ஒரு பெட்டக வேட்டையராக விளையாடுகிறார். வேற்றுலக இனம் ஒன்று விட்டுச்சென்ற பெட்டகங்களைத் தேடிச் செல்வதே கதையின் மையக்கரு. எதிரிகளைச் சுட்டு வீழ்த்தும்போது கதைமாந்தருக்கு அனுபவப் புள்ளிகள் கிடைக்கின்றன. அவை போதிய அளவு சேர்ந்தவுடன் கதைமாந்தர் அடுத்த மட்டத்துக்கு உயர்கிறார். ஒவ்வொரு ஆட்டத்திலும் மட்டத்துக்கு ஒரு மேல்வரம்பு உண்டு.

வீழ்ந்த எதிரிகளிடமிருந்தும் பேழைகளிலிருந்தும் துப்பாக்கிகள், கேடயங்கள், கையெறி குண்டுகள் முதலியன கிடைக்கின்றன. இவற்றின் பண்புகளைக் கணினி பல உறுப்புகளைத் தற்போக்கில் இணைத்து உருவாக்குகிறது. பொருளின் அருமையை அதன் நிறம் காட்டும். வெள்ளை, பச்சை, நீலம், ஊதா, செம்மஞ்சள் என்பது ஏறுவரிசை.

ஒவ்வொரு பொருளுக்கும் தனி மட்டம் உண்டு. பொருள் எந்த மட்டத்துப் பகுதியில் கிடைத்ததோ அம்மட்டத்தை ஒட்டியே அதன் வலிமை அமையும். பார்டர்லேண்ட்ஸ் 2 ஆட்டத்தில் ஒரு மட்டம் உயரும்போது ஆயுதங்களின் தாக்கமும் எதிரிகளின் உயிர்வலுவும் ஏறத்தாழ 13 விழுக்காடு கூடுகின்றன. இது கூட்டுவட்டி போலப் பெருகுவதால் ஆறு மட்டங்களில் வலிமை இருமடங்கையும் பத்து மட்டங்களில் மும்மடங்கையும் தாண்டிவிடுகிறது. எனவே 30 ஆவது மட்டத்தில் கிடைத்த மிக அரிய துப்பாக்கியும் 40 ஆவது மட்டத்தில் சாதாரண வெள்ளைத் துப்பாக்கிக்கு ஈடாகாமல் போகலாம். கடினநிலை மாற்றத்தின் முக்கியத்துவம் இந்தக் கணக்கிலிருந்தே பிறக்கிறது. எந்த நிலையில் ஆடுகிறோம் என்பதே எந்த மட்டத்துப் பொருள் கிடைக்கும் என்பதையும் முடிவு செய்கிறது.

முன்னோடிகள்

ஒரே கதையைக் கடினம் கூட்டி மீண்டும் ஆடச்செய்யும் முறை பார்டர்லேண்ட்சுக்கு முன்பே வழக்கில் இருந்தது. பிளிசார்ட் நிறுவனத்தின் டயாப்லோ 2 (2000) இதற்கு நன்கு அறியப்பட்ட எடுத்துக்காட்டு. அதில் இயல்பு, கொடுங்கனவு, நரகம் என்ற பொருள்படும் மூன்று நிலைகள் இருந்தன. ஒன்றை முடித்தவருக்கே அடுத்தது திறக்கும். உயர்நிலைகளில் எதிரிகள் வலுப்பெற்றதோடு, கதைமாந்தரின் தீ, மின்னல், குளிர் முதலிய தாக்குதல்களுக்கு எதிரான தாங்குதிறனும் குறைக்கப்பட்டது. இதனால் முந்தைய நிலையில் போதுமானதாயிருந்த கவசம் அடுத்த நிலையில் போதாமல் போனது.

டயாப்லோ மேலிருந்து பார்க்கும் கோணத்தில் ஆடப்படும் வாட்போர் ஆட்டம். அதன் பொருள் சேர்க்கும் முறையை முதல் நபர் சுடுதல் ஆட்டத்துடன் இணைத்ததே பார்டர்லேண்ட்சின் சிறப்பு. கடினநிலை அடுக்குகளும் அவ்விணைப்பின் வழியாகவே சுடுதல் ஆட்டத்துக்குள் வந்தன.

முதல் ஆட்டம் (2009)

2009 அக்டோபரில் வெளிவந்த பார்டர்லேண்ட்சில் கடினநிலைகளுக்குத் தனிப்பெயர்கள் இல்லை. முதல் சுற்று, இரண்டாம் சுற்று என்றே அவை அழைக்கப்பட்டன. முதல் சுற்றின் கதையை முடித்தவர், அதே கதைமாந்தருடனும் அதே ஆயுதங்களுடனும் பணத்துடனும் கதையை மீண்டும் தொடக்கத்திலிருந்து ஆடலாம். இம்முறை தொடக்கப் பகுதியிலேயே உயர்மட்ட எதிரிகள் எதிர்ப்படுவர். ஆட்டத்தைத் தொடரும்போது எந்தச் சுற்றில் நுழைவது என்பதை ஆட்டக்காரரே தெரிவு செய்யலாம். ஆகவே இரண்டாம் சுற்றைத் தொடங்கிய பின்னும் முதல் சுற்றுக்குத் திரும்ப முடிந்தது.

இரண்டாம் சுற்றின் கதையும் முடிந்தபின் உலகம் முழுவதிலும் எதிரிகளின் மட்டம் மேல்வரம்பை ஒட்டி உயர்ந்தது. பெயரில்லாத இந்நிலையை ஆட்டக்காரர்கள் "இரண்டரைச் சுற்று" என்று அழைத்தனர். அதுவரை கதையின் போக்குக்கேற்ப ஒவ்வொரு பகுதிக்கும் ஒரு மட்டம் இருந்தது. இதன்பின் எந்தப் பகுதியில் ஆடினாலும் பயனுள்ள பொருள் கிடைக்கும் வாய்ப்பு ஏற்பட்டது.

தொடக்கத்தில் மட்டத்தின் மேல்வரம்பு 50 ஆக இருந்தது. 2010 பிப்ரவரியில் வெளிவந்த ஜெனரல் நாக்சின் இரகசிய ஆயுதக்கிடங்கு என்னும் கூடுதல் தொகுப்பு அதனை 61 ஆக உயர்த்தியது. அதே ஆண்டு அக்டோபரில் வந்த இலவச இற்றைப்படுத்தல் மேலும் 8 மட்டங்களைச் சேர்த்தது. இதனால் அத்தொகுப்பை வாங்கியவர்களுக்கு மேல்வரம்பு 69 ஆகவும், வாங்காதவர்களுக்கு 58 ஆகவும் அமைந்தது.

பார்டர்லேண்ட்ஸ் 2 (2012)

மூன்று நிலைகள்

2012 செப்டம்பரில் வெளிவந்த பார்டர்லேண்ட்ஸ் 2, நிலைகளுக்குத் தனிப்பெயர்கள் சூட்டியது.

* இயல்பு நிலை: எல்லாருக்கும் தொடக்கத்திலிருந்தே திறந்திருப்பது. ஒவ்வொரு பகுதியிலும் எதிரிகளின் மட்டம் கதையின் போக்குக்கேற்ப முன்கூட்டியே வகுக்கப்பட்டுள்ளது. கதை முடியும்போது கதைமாந்தர் பொதுவாக 30 ஆவது மட்டத்தை ஒட்டி இருப்பார்.
* ட்ரூ வால்ட் ஹண்டர் நிலை: மெய்ப் பெட்டக வேட்டையர் நிலை எனலாம். இயல்பு நிலையின் கதையை முடித்தவருக்குத் திறக்கும். எதிரிகள் இயல்பு நிலை முடிந்த இடத்திலிருந்து தொடங்கி 50 ஆவது மட்டம் வரை வளர்வர். இதன் கதையும் முடிந்தபின் எதிரிகள் எல்லாப் பகுதிகளிலும் 50 ஆவது மட்டத்தை அடைவர்.
* அல்டிமேட் வால்ட் ஹண்டர் நிலை: உச்சப் பெட்டக வேட்டையர் நிலை எனலாம். 2013 ஏப்ரலில் ஒரு கூடுதல் தொகுப்பின் வழியாகச் சேர்க்கப்பட்டது. மெய் நிலையின் கதையை முடித்து 50 ஆவது மட்டத்தை எட்டியவருக்குத் திறக்கும். இத்தொகுப்பு மட்டத்தின் மேல்வரம்பை 61 ஆக உயர்த்தியது. 2013 செப்டம்பரில் வந்த இரண்டாம் தொகுப்பு அதனை 72 ஆகவும், 2019 சூனில் வந்த கமாண்டர் லிலித் தொகுப்பு 80 ஆகவும் உயர்த்தின.

நிலையை மாற்றும் விதம்

ஆட்டத்தின் நடுவே நிலையை மாற்ற இயலாது. முதன்மைப் பட்டியலுக்குத் திரும்பி, கதைமாந்தரைத் தெரிவு செய்து, திறந்துள்ள நிலைகளுள் ஒன்றைத் தேர்ந்து மீண்டும் நுழைய வேண்டும். அவ்வாறு மாறும்போது சில கதைமாந்தருடன் வரும், சில அந்தந்த நிலையிலேயே தங்கிவிடும்.

எல்லா நிலைகளுக்கும் பொதுவானவை: கதைமாந்தரின் மட்டம், திறன் புள்ளிகள், முதுகுப்பையிலும் வைப்பறையிலும் உள்ள பொருட்கள், பணம், எரிடியம்.

ஒவ்வொரு நிலைக்கும் தனித்தனியானவை: கதையின் முன்னேற்றம், ஏற்ற பணிகள், முடித்த பணிகள், கண்டறிந்த விரைவுப் பயண நிலையங்கள்.

ஆகவே இயல்பு நிலையில் உலகம் முழுவதையும் சுற்றி வந்தவரும் மெய் நிலையில் நுழைந்தவுடன் பனிசூழ்ந்த தொடக்கப் பகுதியிலிருந்தே வழியைத் திறந்துகொண்டு வரவேண்டும். இயல்பு நிலைக்கு எப்போது வேண்டுமானாலும் திரும்பலாம். அங்கு விட்ட இடத்தில் கதை காத்திருக்கும். ஆனால் 50 ஆவது மட்டக் கதைமாந்தருக்கு அங்குள்ள எதிரிகள் ஒரே குண்டில் வீழ்வர். தம்மைவிட மிகத் தாழ்ந்த மட்டத்து எதிரிகளிடமிருந்து கிடைக்கும் அனுபவப் புள்ளிகளும் மிகக் குறைவு. அங்கு விழும் பொருட்களும் பயன்படா.

உச்ச நிலையின் தன்மைகள்

உச்ச நிலை வெறும் எண்களைக் கூட்டிய நிலை அன்று. ஆடும் முறையையே அது மாற்றியது.

முதலாவதாக, எதிரிகளின் மட்டம் பகுதிக்குப் பகுதி நிலையாக இல்லாமல் ஆட்டக்காரரின் மட்டத்தைப் பின்தொடர்ந்தது. முந்தைய நிலைகளில் ஒரு பகுதி கடினமாக இருந்தால், துணைப்பணிகள் சிலவற்றை முடித்து மட்டத்தை உயர்த்திக்கொண்டு திரும்பி வரலாம். உச்ச நிலையில் அந்த வழி அடைபட்டது. மட்டம் உயர உயர எதிரியும் உயர்ந்தார். கையில் உள்ள துப்பாக்கி மட்டுமே உயரவில்லை.

இரண்டாவதாக, எதிரிகளின் உயிர்வலு பன்மடங்காக்கப்பட்டது. அத்துடன், அடிபட்ட எதிரிகள் சிறிது நேரம் விடப்பட்டால் தம் உயிர்வலுவை மீட்டுக்கொண்டனர். இதனால் மறைந்திருந்து மெல்ல மெல்லச் சுடும் முறை பயனற்றுப் போனது.

மூன்றாவதாக, கசடு எனப்படும் தாக்குதல் வகையின் பங்கு பெருகியது. கதையின்படி கசடு என்பது எரிடியம் என்னும் கனிமத்தைச் சுத்திகரிக்கும்போது எஞ்சும் கழிவுப்பொருள். கசடு படிந்த எதிரி பிற வகைத் தாக்குதல்களால் கூடுதல் சேதம் அடைவார். முதல் இரண்டு நிலைகளில் அச்சேதம் இருமடங்காக இருந்தது. உச்ச நிலையில் அது மும்மடங்காக்கப்பட்டது. ஆயுதத்தை மாற்றும் வேகமும் கூட்டப்பட்டது. முதலில் கசடுத் துப்பாக்கியால் சுட்டு, உடனே வேறொன்றுக்கு மாறிச் சுடுவது எல்லாருக்கும் கட்டாயப் பழக்கமாயிற்று. மாயா என்னும் கதைமாந்தரின் திறன்களுள் ஒன்று, சிறைப்பிடித்த எதிரியைச் சுற்றியுள்ளோர் மீதும் கசடைப் பரப்ப வல்லது. இயல்பு நிலையில் பலவற்றுள் ஒன்றாயிருந்த அத்திறன், உச்ச நிலையில் குழுவுக்கு இன்றியமையாததாகக் கருதப்பட்டது.

மிகைவலு மட்டங்கள்

2013 செப்டம்பரில் வந்த இரண்டாம் தொகுப்பு, உச்ச நிலைக்குள்ளேயே மேலும் எட்டு அடுக்குகளைச் சேர்த்தது. இவை மிகைவலு மட்டங்கள் எனப்பட்டன. 72 ஆவது மட்டத்தை அடைந்தவர் டிஜிஸ்ட்ரக்ட் பீக் என்னும் பயிற்சிக் களத்தை முழுமையாகக் கடந்தால் ஓர் அடுக்கு திறக்கும். அடுத்த அடுக்கைத் திறக்க, அதே களத்தை அவ்வடுக்கின் கடினத்தில் மீண்டும் கடக்க வேண்டும். எந்த அடுக்கில் ஆடுவது என்பதை ஆட்டத்துக்குள் நுழையும்போது தெரிவு செய்யலாம்.

ஒவ்வோர் அடுக்கும் எதிரிகளையும் கிடைக்கும் பொருட்களையும் ஒரு மட்டம் உயர்த்தும். ஆனால் கதைமாந்தரின் மட்டம் 72 லேயே நிற்கும். முன்கூறிய கணக்கின்படி, எட்டாவது அடுக்கில் எதிரியின் உயிர்வலு ஏறத்தாழ 2.7 மடங்கு ஆகிறது. ஆட்டக்காரரின் அடிப்படை உயிர்வலுவில் மாற்றமில்லை. இந்த இடைவெளியை ஆயுதங்களாலும் திறமையாலும் மட்டுமே நிரப்ப முடியும். 2019 ஆம் ஆண்டின் தொகுப்பு அடுக்குகளின் எண்ணிக்கையைப் பத்தாக உயர்த்தியது.

பணிப்பரிசுகளும் மாற்றத்தின் காலமும்

எப்போது நிலை மாறுவது என்பது பார்டர்லேண்ட்ஸ் 2 ஆட்டக்காரர்களிடையே நெடுங்காலம் பேசப்பட்ட கேள்வி. இதற்குக் காரணம் பணிப்பரிசுகள். தலைமை எதிரிகளிடமிருந்து விழும் பொருட்களை, ஆட்டத்தைச் சேமித்து வெளியேறி மீண்டும் நுழைந்து, அவ்வெதிரியை மறுபடி வீழ்த்தி எத்தனை முறை வேண்டுமானாலும் தேடலாம். ஆனால் ஒரு பணியை முடித்ததற்காகக் கிடைக்கும் தனித்தன்மையுள்ள ஆயுதம் ஒரு நிலைக்கு ஒருமுறையே கிடைக்கும். 2012 அக்டோபரில் வெளிவந்த கேப்டன் ஸ்கார்லெட் தொகுப்பில் பரிசாகக் கிடைக்கும் சாண்ட் ஹாக் என்னும் துப்பாக்கி இதற்குச் சான்று. மிகுந்த வலிமையுடைய அதனை 31 ஆவது மட்டத்தில் பெற்றவர் சில மட்டங்களுக்கே அதனைப் பயன்படுத்த முடியும். அதே நிலையில் அதனை மறுபடியும் பெற வழியில்லை.

எனவே பலர் முதன்மைக் கதையை மட்டும் முடித்துக்கொண்டு விரைவாக அடுத்த நிலைக்குச் சென்றனர். துணைப்பணிகளை மேல்வரம்பு மட்டத்தை அடைந்தபின் முடிப்பது அவர்கள் வழக்கம். வேறு சிலர் எல்லாப் பணிகளையும் உடனுக்குடன் முடித்துக் கதையைச் சுவைத்தனர். பின்னர் அதற்கான விலையை உச்ச நிலையில் கொடுத்தனர்.

2013 சூனில் வெளிவந்த டைனி டினாவின் டிராகன் கோட்டைத் தொகுப்பில் இதற்கு நேர்மாறான ஒரு வழக்கம் தோன்றியது. அதில் ஒரு துணைப்பணியின் பொருட்டு கிராக் நாசில் என்னும் கைத்துப்பாக்கி ஆட்டக்காரரிடம் கொடுக்கப்படுகிறது. பணி முடிந்ததும் அது திரும்பப் பெறப்படும். கசடைப் பரப்புவதோடு, ஏற்படுத்தும் சேதத்தின் ஒரு பகுதியை ஆட்டக்காரரின் உயிர்வலுவாகத் திருப்பித் தருவதும் அதன் இயல்பு. உச்ச நிலையின் இரு பெருந்தேவைகளையும் ஒருங்கே நிறைவு செய்ததால், ஆட்டக்காரர்கள் பலர் அப்பணியை வேண்டுமென்றே முடிக்காமல் விட்டு அத்துப்பாக்கியைத் தம்மிடமே வைத்துக்கொண்டனர்.

உச்ச நிலையில் மட்டும், கதையின் முன்னேற்றத்தை அழித்துவிட்டு அந்நிலையை மீண்டும் முதலிலிருந்து தொடங்கும் வசதி பின்னர் அளிக்கப்பட்டது. மட்டமும் பொருட்களும் அவ்வாறே இருக்கும், பணிகள் மட்டும் புதிதாகும். இதனால் பணிப்பரிசுகளை மேல்வரம்பு மட்டத்தில் மறுபடியும் பெற முடிந்தது. இயல்பு நிலைக்கும் மெய் நிலைக்கும் இவ்வசதி இல்லை.

கூட்டாட்டத்தில் நிலைகள்

நால்வர் வரை சேர்ந்து ஆடலாம் என்பது இத்தொடரின் முக்கியக் கூறு. கூட்டாட்டத்தில் எந்த நிலை என்பதை ஆட்டத்தை நடத்துபவரே முடிவு செய்கிறார். முதல் இரு ஆட்டங்களிலும் எதிரிகளின் மட்டம் எல்லாருக்கும் ஒன்றே. எனவே ஒருவர் மெய் நிலையிலும் மற்றவர் இயல்பு நிலையின் நடுவிலும் இருந்தால் சேர்ந்து ஆடுவது கடினம். மூத்தவர் இறங்கி வந்தால் இளையவருக்குச் சுட எதிரி எஞ்சுவதில்லை. இளையவர் ஏறிச் சென்றால் ஒரே அடியில் வீழ்வார். கீழே விழும் பொருட்களும் பொதுவானவை, முந்தி எடுத்தவருக்கே உரியவை. இதனால் நண்பர்கள் சேர்ந்து ஆடுவதற்கென்றே தனியாக ஒரு கதைமாந்தரை வைத்துக்கொள்ளும் பழக்கம் ஏற்பட்டது.

பார்டர்லேண்ட்ஸ் 3 (2019) இச்சிக்கலுக்குத் தீர்வு தந்தது. அதன் ஒத்துழைப்பு முறையில் ஒவ்வோர் ஆட்டக்காரருக்கும் எதிரிகளின் மட்டம் அவரவர் மட்டத்துக்கேற்பத் தனித்தனியாகக் கணக்கிடப்படுகிறது. பொருட்களும் அவரவர்க்குத் தனியாக விழுகின்றன. பழைய முறையை விரும்புவோர்க்கு, பொருட்களுக்குப் போட்டியிடும் முறையும் தெரிவாக வைக்கப்பட்டுள்ளது.

பார்டர்லேண்ட்ஸ் 3: அமளி நிலை

2019 செப்டம்பர் 13 அன்று வெளிவந்த பார்டர்லேண்ட்ஸ் 3, கதையை முடித்தவர்க்கு இரு வழிகளைத் திறந்தது. ஒன்று வழக்கமான மெய்ப் பெட்டக வேட்டையர் நிலை. மற்றொன்று மேஹெம் எனப்படும் அமளி நிலை. அமளி நிலையில் கதையை மறுபடி தொடங்க வேண்டியதில்லை. ஏற்கெனவே திறந்துள்ள உலகிலேயே எதிரிகள் ஆட்டக்காரரின் மட்டத்துக்கு உயர்த்தப்பட்டு, அதற்கும் மேல் வலுவூட்டப்படுகின்றனர். ஈடாகப் பணமும் அனுபவப் புள்ளிகளும் அரிய பொருட்கள் விழும் வாய்ப்பும் கூடுகின்றன.

தொடக்கத்தில் அமளி நிலையில் மூன்று அடுக்குகள் இருந்தன. சாங்சுவரி 3 என்னும் விண்கலத்தில் உள்ள ஒரு கருவியின் மூலம் அவற்றை இயக்கலாம், நிறுத்தலாம், மாற்றலாம். குறிப்பிட்ட வகைத் துப்பாக்கியின் தாக்கத்தைக் கூட்டுதல், மற்றொரு வகையின் தாக்கத்தைக் குறைத்தல் போன்ற மாற்றிகள் தற்போக்கில் சேர்க்கப்பட்டன. 2019 நவம்பரில் நான்காவது அடுக்கு சேர்ந்தது.

இயல்பு நிலையின் உலகிலேயே அமளியை இயக்க முடிந்ததால், மெய் நிலையில் கதையை மறுபடி ஆடவேண்டிய தேவை பெரிதும் குறைந்தது. முந்தைய ஆட்டத்தில் மெய் நிலை கட்டாயப் பாதையாக இருந்தது. இதில் அது விரும்பியவர் ஆடும் கூடுதல் சுற்றாக மாறியது. உச்ச நிலையில் இன்றியமையாததாக இருந்த கசடும் இவ்வாட்டத்தில் நீக்கப்பட்டு, கதிரியக்கம் என்னும் புதிய தாக்குதல் வகை சேர்க்கப்பட்டது.

2020 மறுசீரமைப்பு

2020 ஏப்ரலில் அமளி நிலை முழுமையாக மாற்றியமைக்கப்பட்டது. அடுக்குகள் பத்தாயின. மாற்றிகள் எளிது, நடுத்தரம், கடினம், மிகக் கடினம் என வகுக்கப்பட்டன. பிடிக்காத மாற்றிகள் அமைந்தால் ஆட்டக்காரர் அவற்றைக் குலுக்கி வேறு பெறலாம். அடுக்கை மாற்ற விண்கலத்துக்குச் செல்ல வேண்டிய தேவையும் நீங்கியது.

இவற்றுள் பெரும் விளைவை ஏற்படுத்தியது, ஆயுதங்களின் வலிமையை அமளி அடுக்குடன் பிணைத்ததாகும். பத்தாம் அடுக்கில் கிடைக்கும் துப்பாக்கி, அதே மட்டத்தில் அமளி இன்றிக் கிடைக்கும் அதே பெயருடைய துப்பாக்கியைவிடப் பன்மடங்கு வலிமை பெற்றது. அதுவரை பல மாதங்கள் தேடிச் சேர்த்த ஆயுதங்கள் உயர் அடுக்குகளில் ஒரே நாளில் மதிப்பிழந்தன. அத்துடன், எதிரிகளின் உயிர்வலு உயர்ந்த அளவுக்குக் கதைமாந்தரின் செயல்திறன்களின் சேதம் முதலில் உயரவில்லை. துப்பாக்கியை நம்பியவர் தப்பினர், திறனை நம்பிக் கதைமாந்தரை வளர்த்தவர் தவித்தனர். ஆட்டக்காரர்களின் குறைகூறலைத் தொடர்ந்து, பின்வந்த இற்றைப்படுத்தல்களில் திறன்களின் சேதமும் அடுக்குக்கேற்ப உயர்த்தப்பட்டது.

அதே ஆண்டின் பிற்பகுதியில் பதினோராம் அடுக்கு சேர்க்கப்பட்டது. இதில் எதிரிகளின் வலிமை பத்தாம் அடுக்கை ஒத்தது. மாற்றிகள் இல்லை, ஆனால் அரிய பொருட்கள் விழும் வாய்ப்பு குறைவு. மாற்றிகளின் தொல்லை வேண்டாம், குறைந்த பொருள் போதும் என்பவர்க்கு அது உரியதாயிற்று. மட்டத்தின் மேல்வரம்பு 50 இல் தொடங்கிப் படிப்படியாக உயர்ந்து 2021 இல் 72 ஐ எட்டியது.

பிந்தைய ஆட்டங்கள்

2022 மார்ச்சு 25 அன்று வெளிவந்த டைனி டினாவின் ஒண்டர்லேண்ட்ஸ், இத்தொடரின் கிளை ஆட்டமாகும். இதில் கதையின் இரண்டாம் சுற்று முற்றாகக் கைவிடப்பட்டது. கதை முடிந்தபின் கேயாஸ் எனப்படும் குழப்ப நிலை மட்டும் திறக்கிறது. அதன் அடுக்குகளை, தற்போக்கில் அமையும் அறைகளைக் கொண்ட ஒரு களத்தைக் கடந்து ஒவ்வொன்றாகத் திறக்க வேண்டும்.

2025 செப்டம்பர் 12 அன்று வெளிவந்த பார்டர்லேண்ட்ஸ் 4, உச்சப் பெட்டக வேட்டையர் நிலை என்னும் பழைய பெயரை மீண்டும் கொண்டுவந்தது. எனினும் உள்ளடக்கம் மாறியுள்ளது. கதையை மறுபடி ஆடும் சுற்றாக இல்லாமல், கதை முடிந்த உலகிலேயே படிப்படியாகத் திறக்கும் தரங்களாக அது அமைந்தது. வெளியீட்டின்போது ஐந்து தரங்கள் இருந்தன.

பிற ஆட்டங்களுடன் ஒப்பீடு

சுற்றுகளை விட்டு அடுக்குகளுக்கு நகர்ந்த போக்கு பார்டர்லேண்ட்சுக்கு மட்டும் உரியதன்று. டயாப்லோ 3 (2012) தொடக்கத்தில் கதையை நான்கு நிலைகளில் அடுத்தடுத்து ஆடும்படி அமைக்கப்பட்டிருந்தது. 2014 இல் வந்த பெரும் இற்றைப்படுத்தல் அதனை நீக்கி, ஆட்டக்காரர் தாமே தேர்ந்தெடுக்கும் நிலைகளாக மாற்றியது.

யூபிசாப்ட் வெளியிட்ட தி டிவிஷன் (2016) ஆட்டத்தில், அதே ஆண்டு அக்டோபரில் உலக அடுக்குகள் சேர்க்கப்பட்டன. நியூயார்க்கு நகரின் எதிரிகள் அனைவரும் தேர்ந்த அடுக்குக்கேற்ப வலுப்பெறுவர். அவுட்ரைடர்ஸ் (2021) ஆட்டத்தில் 15 உலக அடுக்குகள் உள்ளன. எதிரிகளை வீழ்த்தும்போது அடுத்த அடுக்கு திறக்கிறது. கடினமாகத் தோன்றினால் எப்போது வேண்டுமானாலும் கீழ் அடுக்குக்கு இறங்கலாம். கதையின் முன்னேற்றத்துக்கு அதனால் இழப்பில்லை.

மதிப்பீடு

இரு முறைகளுக்கும் நிறைகுறைகள் உண்டு. சுற்று முறையில் ஆட்டக்காரருக்கு ஒரு பயண உணர்வு கிட்டுகிறது. முதல் சுற்றில் அஞ்சி ஓடிய இடத்தை இரண்டாம் சுற்றில் துணிவுடன் கடக்கும்போது, தாம் வளர்ந்திருப்பதை அவர் நேரடியாக உணர்கிறார். மறுபுறம், பல மணி நேரம் நீளும் ஒரே கதையை, ஒரே உரையாடல்களுடன் மூன்று முறை கேட்க வேண்டியுள்ளது. நான்கு அல்லது ஆறு கதைமாந்தரையும் உச்ச நிலைக்குக் கொண்டுசெல்ல விரும்புபவர்க்கு இது பெருஞ்சுமை.

அடுக்கு முறை அச்சுமையை நீக்கிவிடுகிறது. வேண்டும்போது ஏற்றவும் வேண்டாதபோது இறக்கவும் முடிவதால், நேரம் குறைந்தவரும் தமக்கேற்ற அளவில் ஆட முடிகிறது. ஆனால் இம்முறையில் ஏற்றமும் இறக்கமும் எளிதாக இருப்பதாலேயே, உயர் அடுக்கை அடைந்தோம் என்னும் நிறைவு குறைகிறது என்பாரும் உளர். மேலும் எதிரி எப்போதும் ஆட்டக்காரரின் மட்டத்திலேயே இருப்பதால், மட்டம் உயர்வதன் பொருளே மங்குகிறது.

இரண்டுக்கும் பொதுவான கடினமான கேள்வி, ஆட்டக்காரர் செலவிட்ட காலத்தின் மதிப்பைப் பற்றியது. புதிய நிலையோ அடுக்கோ சேர்க்கப்படும் ஒவ்வொரு முறையும் பழைய பொருட்கள் மதிப்பிழக்கின்றன. புதிய தேடல் தொடங்க அது தேவையும் ஆகிறது. பழையது சற்றும் மதிப்பிழக்காவிட்டால் புதிய நிலையில் தேட எதுவும் இல்லை. முற்றிலும் மதிப்பிழந்தால், இன்று தேடுவதும் நாளை வீணாகும் என்ற எண்ணம் ஆட்டக்காரரிடம் எழும். 2013 இல் வந்த மிகைவலு மட்டங்களும் 2020 இல் வந்த அமளி மறுசீரமைப்பும் இவ்விரு எல்லைகளுக்கும் இடையே சமநிலை தேடிய முயற்சிகளே. உச்ச நிலையில் பணிகளை மறுபடி தொடங்கும் வசதியும், அமளி நிலையில் திறன்களின் சேதத்தை உயர்த்திய திருத்தமும், அச்சமநிலை தவறியபோது செய்யப்பட்ட ஈடுகளாகும்.

இவற்றையும் பார்க்க

* நிகழ்பட ஆட்டம்
* முதல் நபர் சுடுதல் ஆட்டம்
* டயாப்லோ 2
* கியர்பாக்ஸ் சாப்ட்வேர்